பூக்கட்டச் சொல்லிக் கொடுப்பவர்களுக்கு

சிங்கப்பூர் லிட்டில் இந்தியாவில் இருக்கும் தேக்காவில் பூக்கட்டிப் பார்க்க வரும் சுற்றுப்பயணிகள் கையில் முதலில் நூலைக் கொடுக்காதீங்க. நூல் காம்பை அறுக்கும். வாழைநார்தான் பழகும் கைக்கு நல்லது. நாரை நனைத்து, நகத்தால் மெல்லிசாகக் கிழிச்சு வைங்க. காய்ந்த நார் இழுத்ததும் அறுந்துடும்.

மல்லிகை மொட்டு ரெண்டு இந்தப் பக்கம், ரெண்டு அந்தப் பக்கம்; காம்புகள் நடுவில் குறுக்காகப் படியணும். நாரை ஒரு சுற்று சுற்றி, விரலில் வளையம் போட்டு, காம்பின்மேல் மாட்டி இழுக்கணும். எல்லாரும் திணறுவது இந்த இழுப்பில்தான். அழுத்தினால் காம்பு முறிந்து மொட்டு உதிரும், தளர்ந்தால் சரத்தைத் தூக்கும்போதே நழுவும். நாலைந்து முடிச்சுக்குப் பிறகு விரலே அளவு சொல்லும், அதுவரை பொறுமையா விடுங்க, பாவம்.

நம்மூர்ப் புழுக்கத்தில் மொட்டு சீக்கிரம் விரியும். ஈரத்துணியில் மூடி, கொஞ்சம் கொஞ்சமா எடுத்துக் கொடுங்க.