மேடமும் கிரைண்டரும்

சாயங்காலம் ஆறரை ஆனால் எங்கள் வீட்டில் மேடம் ஆரம்பித்துவிடுவார். பகலெல்லாம் இருக்கிற இடம் தெரியாமல் தூங்கும் என் மருமகள் (அக்காவின் கைக்குழந்தை), அம்மா விளக்கேற்றத் தீப்பெட்டியை உரசியதும் முகம் சிவந்து, காலை வயிற்றோடு மடக்கிக்கொண்டு வீறிடுவாள். பால் குடித்தாயிற்று, ஏப்பம் விட்டாயிற்று, துணி மாற்றியாயிற்று. வேறென்னதான் வேணும் தாயே என்று கேட்டால் அதற்கும் ஒரு பாட்டம். எனக்கும் அதே ஆறரைக்குத்தான் ஆபீஸ் மீட்டிங். கடல் கடந்து உட்கார்ந்திருக்கும் என் மேனேஜர் இப்போதெல்லாம் பிள்ளையை விசாரித்துவிட்டுத்தான் வேலைக்கே வருகிறார்.

வீட்டில் ஆளுக்கொரு வைத்தியம். உரம் விழுந்திருக்கு, சேலையில் போட்டு உருட்டினால் சரியாகிவிடும் என்று அப்பத்தா முந்தானையைச் செருகிக்கொண்டு கிளம்பியது. அக்கா பிள்ளையைக் கொடுக்கவில்லை. பொழுது சாய்ந்தும் பிள்ளைத்துணி கொடியில் கிடந்ததால் பட்சி தோஷம் என்றார் எதிர்வீட்டுப் பெரியம்மா. அம்மா மிளகாய் சுற்றிப் போட்டாள். "பார்த்தியா, நெடியே வரலை, அம்புட்டும் கண்ணு" என்றாள். இருமிக்கொண்டே தலையாட்டினேன்.

அப்பா கிரைப் வாட்டர் கட்சி. 1851-இல் இங்கிலாந்தில் அதை முதலில் தயாரித்தபோது கொஞ்சம் ஆல்கஹாலும் கலந்திருந்தது, இப்போது அது கிடையாது என்று வாசித்துக் காட்டினேன். "அதான் இப்பக் கேக்க மாட்டேங்குது" என்றார்.

டாக்டரம்மா பார்த்துவிட்டு, எடை நன்றாக ஏறுகிறது, காய்ச்சல் இல்லை, இது காலிக் என்றார். வெஸ்ஸல் என்ற அமெரிக்க டாக்டர் 1954-இல் போட்ட கணக்காம்: நல்லபடியாக இருக்கும் பிள்ளை நாளுக்கு 3 மணி நேரத்துக்கு மேல், வாரத்தில் 3 நாளுக்கு மேல், 3 வாரத்துக்கு மேல் அழுதால் அதுதான் காலிக். ஆறாவது வார வாக்கில் உச்சத்துக்குப் போகும், மூணு நாலு மாசத்தில் தானாக அடங்கும். அதுவரை தாய்ப்பால் தவிர வசம்பு, ஓமத்தண்ணி எதுவும் கூடாது. காரணம்? அது இன்னும் யாருக்கும் திட்டமாகத் தெரியாதாம். "இத்தனை வருசமா மணியை மட்டும் எண்ணிக்கிட்டு இருந்திருக்காய்ங்க" என்றது அப்பத்தா.

கடைசியில் மருந்து அடுப்படியில் இருந்தது. ஒருநாள் சாயங்காலம் அம்மா மாவாட்ட கிரைண்டரைப் போட்டதுதான் தாமதம், நடு ஹாலில் அழுகை பட்டென்று நின்றது. நிறுத்தினால் மறுபடி வீல். சரி, சும்மா ஓடட்டும் என்றால், வெறும் கல் ஓடினால் தேய்ந்துபோகும் என்று அம்மா விடமாட்டாள். போனில் பதிவு செய்து போட்டுப் பார்த்தேன், மேடம் ஏமாறுகிற ஆள் இல்லை. ஆக, தினமும் உளுந்து ஊறுகிறது. ஃபிரிட்ஜைத் திறந்தால் தூக்குவாளி கையில் இடிக்கிறது. எதிர்வீடு, மாடிவீடு, அயர்ன் வண்டிக்காரர் என்று ஊருக்கே படியளக்கிறோம். முக்குக் கடையில் பாக்கெட் மாவு விற்கும் அண்ணன் என்னைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்.

நேற்று அத்தான் வந்திருந்தார். ஆறரை, ஏழு, எட்டு... மேடம் அவர் மடியில் கொட்டாவி விட்டபடி படுத்திருக்கிறாள், ஒரு சிணுங்கல் கிடையாது. "எம்புள்ள எவ்வளவு சமத்தா இருக்கு! நீங்கதான் போன்ல சும்மா பயமுறுத்துறீங்க" என்றார். அக்கா பார்த்த பார்வையில் இன்னொருவராக இருந்தால் அப்போதே பஸ் ஏறியிருப்பார். இவர் கை கழுவி உட்கார்ந்தார். மாப்பிள்ளைக்கென்று அம்மா மெனக்கெட்டு சப்பாத்தியும் குருமாவும் செய்திருந்தாள்.

தட்டைப் பார்த்தார். அப்புறம் தயங்கித் தயங்கிக் கேட்டார்: "அத்தை, வீட்ல மாவு ஏதும் இருந்தா ரெண்டு தோசை கிடைக்குமா?"