கிரயப் பத்திரத்தை முதலில் பாருங்கள்: ஒரு சொத்து வரி அனுபவம்

நாடாளுமன்றச் சட்டத்தால் உருவான ஒரு கழகத்தின் கிடங்கில் கணக்குப் பிரிவைக் கவனித்து வருகிறேன். ஆறு அரையாண்டு பாக்கிக்கு நகராட்சியிலிருந்து சொத்து வரி கேட்பு அறிவிப்பு வந்தபோது நான் கலங்கவில்லை. அரசமைப்புச் சட்டத்தின் 285ஆம் பிரிவின்படி ஒன்றிய அரசின் சொத்துக்கு உள்ளாட்சி வரி கிடையாது என்று, எனக்கு முன்பிருந்தவர் எழுதிய கடிதத்தின் நகல் கோப்பில் இருந்தது. தேதியை மட்டும் மாற்றி அதையே அனுப்பினேன்.

பதில் வராததால் நேரில் சென்றேன். வருவாய்ப் பிரிவு எழுத்தர் கடிதத்தைப் பிரித்தும் பார்க்காமல், “சொத்து ஒன்றிய அரசுடையது என்பதற்கு ஆதாரம் கொண்டு வாருங்கள்” என்றார். எந்த ஆதாரம் என்று கேட்டதற்கு விடையில்லை. மறுமுறை சென்றபோது அவர் விடுப்பில் இருந்தார். மூன்றாம் முறை, என் கடிதம் தபால் பதிவேட்டிலேயே ஏறவில்லை என்றார்கள். கடிதம் கொடுக்கும்போதே நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிவிடுங்கள். அதை வாங்காததால் எனக்கு இரண்டு மாதம் வீணாயிற்று.

பிறகுதான் தலைமை அலுவலகத்திலிருந்து கிரயப் பத்திரத்தின் நகலை வரவழைத்தேன். ஒன்றிய அரசுத் துறை நிலம் வாங்கினால் பத்திரம் இந்தியக் குடியரசுத் தலைவர் பெயரில் எழுதப்படும். எங்கள் பத்திரத்திலோ, கிரயம் பெறுபவர் என்ற இடத்தில் கழகத்தின் பெயரே இருந்தது. அந்த ஒரு வரியிலேயே எங்கள் வாதம் முடிந்துபோனது.

தீர்ப்புகளும் அதையே சொல்கின்றன. பங்குகள் முழுவதும் அரசிடம் இருந்தாலும் நிறுவனத்தின் சொத்து ஒன்றியத்தின் சொத்தாகிவிடாது என்று, கோர்பா நிலக்கரி நிறுவன வழக்கில் முன்பே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. 1964ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவான இந்திய உணவுக் கழகமும் பஞ்சாபின் ஜலாலாபாத் நகராட்சிக்கு எதிராக இதே விலக்கைக் கோரி 1999இல் தோற்றது. நேரடி அரசுத் துறைகளுக்கு வரி இல்லையென்றாலும், உள்ளாட்சி செய்துதரும் வசதிகளுக்கேற்ப வரியில் 75, 50 அல்லது 33⅓ விழுக்காடு சேவைக் கட்டணம் உண்டு என்பது ராஜ்கோட் வழக்கில் 2009இல் முடிவானது. இவ்வளவுக்குப் பிறகும் பழைய கடிதத்தையே ஆண்டுதோறும் அனுப்பிப் பாக்கியைப் பெருகவிட்டது எங்கள் தரப்பின் பெரும் தவறு.

விலக்குக் கேட்பதை விட்டுவிட்டு அளவைச் சரிபார்த்தபோதுதான் பலன் கிடைத்தது. கூரையே இல்லாத லாரி நிறுத்துமிடத்தையும் கட்டடப் பரப்பில் சேர்த்திருந்தார்கள். மறு அளவீடு கோரி மனுக் கொடுத்தேன், இம்முறை முத்திரையுடன். வந்த வருவாய் உதவியாளர் பொறுமையானவர். நாடாவின் ஒரு முனையை நான் பிடிக்க, உச்சி வெயிலில் கிடங்கு முழுவதையும் அளந்து வரைபடத்தில் குறித்துக்கொண்டார். கேட்புத் தொகையில் ஏறக்குறைய கால் பங்கு குறைந்தது.

திருத்திய தொகையைக் கட்டி ரசீது பெற்றுவிட்டேன். எனக்குப் பின் வருபவர் பழைய விலக்குக் கடிதத்தை மீண்டும் அனுப்பிவிடக் கூடாது என்பதற்காக, கோப்பிலிருந்த அந்தக் கடிதத்தின் மேலேயே 1999 தீர்ப்பின் நகலைத் தைத்து வைத்திருக்கிறேன்.