மேயர் கதிரையில் ஒரு சட்டத்தரணி

நிசாம் காரியப்பரைப் பலருக்கும் அரசியல்வாதியாகத்தான் தெரியும். எனக்கு அவரது சட்டத்தரணி முகம்தான் முக்கியம். 2013இல் இலங்கையின் கிழக்கில் உள்ள கல்முனையின் மாநகர முதல்வர், அதாவது மேயர், ஆனார். சின்ன நகரம்தான், ஆனால் லேசான கதிரை இல்லை. மருதமுனை, பாண்டிருப்பு, நற்பிட்டிமுனை, சாய்ந்தமருது என்று முஸ்லிம், தமிழ் ஊர்கள் எல்லாம் அந்த ஒரே சபைக்குள். குப்பை வண்டி ஒரு தெருவுக்குப் பிந்தினாலே "எங்களை ஒதுக்குறாங்க" என்று பேச்சு வந்துவிடும். சாய்ந்தமருது தனிச்சபை கேட்கிறது. தமிழர்கள் தங்கள் பிரதேச செயலகத்தைத் தரமுயர்த்தக் கேட்கிறார்கள். இரண்டுமே எல்லைக்கோடு, வர்த்தமானி, சட்டப்பிரிவு என்று போகிற விசயம். அந்தக் கதிரையில் சட்டம் படித்தவர் இருப்பது நல்லது என்றே நம்புகிறேன். 2018இல் வந்த முதல்வர் றகீபும் சட்டத்தரணிதான்.

நிசாம் சேர் 2024 டிசம்பரில் தேசியப்பட்டியலில் பாராளுமன்றம் போனார். சேர், இந்த எல்லைப் பிரச்சினையை இரண்டு பக்கத்தாரையும் ஒரே மேசையில் இருத்தி முடித்துத் தாருங்கள்.