நடப்பதற்காகக் காரில் போகும் தெரு

2011 ஜனவரியில் ஸ்கோக்கிக்கு வந்து இறங்கினேன். சிகாகோவின் வடக்கு எல்லையை ஒட்டிய புறநகர். பிறந்ததிலிருந்து கல்யாணம் வரை மதுரை மேலமாசி வீதிப் பக்கமே இருந்தவள் நான். கடைக்குப் போவதென்றால் செருப்பை மாட்டிக்கொண்டு படி இறங்குவது, அவ்வளவுதான். அதை ஒரு வேலையாக நினைத்ததே இல்லை.

வந்த முதல் சனிக்கிழமை என் வீட்டுக்காரர், "ஓல்ட் ஆர்ச்சர்ட் போய் உனக்கு ஒரு கோட் வாங்கிட்டு வந்துடலாம்" என்றார். அமெரிக்க மால் என்றதும் கண்ணாடிக் கதவு, உள்ளே கதகதப்பு, நகரும் படிக்கட்டு என்று மனதில் ஒரு படம் வைத்திருந்தேன். காரை நிறுத்திவிட்டு இரண்டு கட்டடங்களுக்கு நடுவே நுழைந்தால், தலைக்கு மேல் வானம்! பூஜ்யத்துக்குக் கீழே பத்துப் பன்னிரண்டு டிகிரி இருக்கும். ஒரு கடையிலிருந்து அடுத்த கடைக்குத் திறந்தவெளியில் நடக்க வேண்டும். காற்று காதை அறுத்தது. இவ்வளவு பணக்கார நாட்டில் ஒரு கூரை போட முடியாதா என்று கேட்டேன். "அது அப்படித்தான்" என்றார். அவருக்கும் தெரியாது என்பதற்கு எங்கள் வீட்டில் அதுதான் வார்த்தை.

இன்னொன்றும் அன்று உறுத்தியது. சாலையிலிருந்து பார்த்தால் எல்லாக் கடைகளும் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும். சுற்றிலும் கார் நிறுத்தும் தரை, கடல் மாதிரி. அதைத் தாண்டி உள்ளே போனால்தான் தெரு மாதிரி ஒன்று விரிகிறது: நடைபாதை, மரங்கள், பெஞ்சுகள், சின்னச் சின்ன முற்றங்கள். தெருவில் நடப்பதற்காகக் கார் ஓட்டிக்கொண்டு வரும் ஜனங்களை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

பிப்ரவரி முதல் தேதி பனிப்புயல் வந்தது. ஓஹேர் விமான நிலையத்தில் 21 அங்குலப் பனி. சிகாகோ ஏரிக்கரைச் சாலையில் நூற்றுக்கணக்கான கார்கள் ராத்திரி முழுக்கச் சிக்கிக்கொண்டன. நான்கு நாள் கழித்து, இப்போதாவது அந்தக் கடைகளை மூடியிருப்பார்கள் என்று நினைத்தேன். நடைபாதையில் உப்பைத் தூவி, பனியை ஓரமாக மலைபோல் குவித்துவிட்டு, எல்லாம் திறந்திருந்தது. ஆட்கள் கையில் காபியோடு போய்க்கொண்டிருந்தார்கள். என் புது பூட்ஸில் உப்பு வெள்ளைக் கோடு போட்டது. கொடிக்கம்பியில் காயும் சட்டையின் வியர்வைக் கறை மாதிரி இருந்தது.

எனக்கு ஓட்டுநர் உரிமம் கிடையாது. இவர் காலையில் காரை எடுத்துக்கொண்டு போனால் வர ஏழு மணி ஆகும். பேருந்து எண் 97 ஹோவார்ட் ரயில் நிலையத்திலிருந்து கிளம்பி எங்கள் ஊருக்குள் புகுந்து ஓல்ட் ஆர்ச்சர்டில் போய் முடியும் என்று கண்டுபிடித்தது மார்ச்சில். எதிர்த்திசையில் ஏறி ஹோவார்டில் மாறினால் டெவான் அவென்யூவுக்கும் போகலாம். 1974-இல் படேல் பிரதர்ஸ் என்ற இந்திய மளிகை நிறுவனம் தன் முதல் கடையைத் திறந்த தெரு அது. புளியும் உளுத்தம்பருப்பும் வேண்டுமென்றால் அந்தப் பக்கம். சும்மா மனிதர்களைப் பார்க்க வேண்டுமென்றால் இந்தப் பக்கம்.

தனியாகப் போன முதல் நாளே மானம் போனது. ஒரு கடையில் 19.99 என்று சீட்டுப் போட்ட கம்பளிக் கையுறை. கையில் சரியாக ஒரு இருபது டாலர் நோட்டு. கல்லாவில் இருந்த பெண் இருபத்தொன்று சொச்சம் கேட்டாள். நம்மூரில் விலை என்றால் வரியும் சேர்த்துத்தான். இங்கே சீட்டில் இருப்பது ஒரு விலை, வரி சேர்ந்து கல்லாவில் வருவது இன்னொரு விலை. பின்னால் வரிசை நீண்டது. கையுறையை அங்கேயே வைத்துவிட்டு, கைகளைக் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டு வெளியே வந்தேன்.

அந்த பஸ்ஸில்தான் ஒரு பாட்டி பழக்கமானார். எண்பது வயதுக்கு மேலிருக்கும். "ஃபீல்ட்ஸ் வாசலில் இறங்கு" என்பார். அந்தப் பெயரில் அங்கே எந்தக் கடையும் இல்லை, மேசிஸ் என்றுதான் பெரிய பலகை இருந்தது. அப்புறம் தெரிந்தது: மார்ஷல் ஃபீல்ட்ஸ் சிகாகோக்காரர்களின் சொந்தக் கடை. 2006 செப்டம்பரில் அதன் பெயரை மேசிஸ் என்று மாற்றியபோது, நகரின் ஸ்டேட் தெருவில் அந்தக் கடையின் கடிகாரத்துக்குக் கீழே கூடி ஆர்ப்பாட்டமே செய்திருக்கிறார்கள். அண்ணா சாலையை இன்னும் மவுண்ட் ரோடு என்பவர்களைத் தெரியும் என்பதால் பாட்டியை எனக்குச் சுலபமாகப் புரிந்தது. ஃபீல்ட்ஸ் காலத்திலிருந்து வரும் ஃப்ராங்கோ மின்ட் சாக்லேட் பெட்டி ஒன்றை ஒரு நாள் என் கையில் திணித்தார். "இதை மட்டும் அவர்களால் மாற்ற முடியவில்லை" என்றார்.

கல்யாணமான புதிதில், ஓல்ட் ஆர்ச்சர்ட் திறந்த வருடமே பாட்டி அங்கே போயிருக்கிறாராம். அது 1956 அக்டோபர். ஐந்து வருடம் முன்னால்தான் ஈடன்ஸ் விரைவுச் சாலை வந்திருந்தது. சிகாகோவிலிருந்து யூதக் குடும்பங்கள் கூட்டம் கூட்டமாக ஸ்கோக்கிக்குக் குடிபெயர்ந்துகொண்டிருந்த காலம். ஐரோப்பாவின் வதைமுகாம்களிலிருந்து தப்பி வந்தவர்களும் அவர்களில் நிறையப் பேர். அவர்கள் கதையைச் சொல்லும் அருங்காட்சியகம் 2009-இல் இங்கேயே திறந்தது. கடைவளாகத்தைக் கட்டிய பிலிப் க்ளட்ஸ்னிக்கும் யூதர், போலந்திலிருந்து வந்த பெற்றோரின் மகன். போரிலிருந்து திரும்பிய சிப்பாய்களுக்காகச் சிகாகோவின் தெற்கே பார்க் ஃபாரஸ்ட் என்ற ஊரையே கட்டியவர், பின்னாளில் கார்ட்டர் அரசில் வணிக அமைச்சரும் ஆனார். மரமும் செடியும் வைக்க அவர் பிடித்த ஆள் லாரன்ஸ் ஹால்ப்ரின், வாஷிங்டனில் ரூஸ்வெல்ட் நினைவிடத்தை வடிவமைத்தவர். ஓல்ட் ஆர்ச்சர்டில் நேராக ஒரு நடை கிடையாது. வளைந்து, திரும்பி, திடீரென ஒரு முற்றத்தில் கொண்டுபோய் விடும். நான் முதலில் வழி தவறியது என் முட்டாள்தனத்தால் அல்ல என்று இதைப் படித்தபோது ஆறுதலாக இருந்தது.

என் கூரைக் கேள்விக்குப் பாதிப் பதில் வேறு ஊரிலிருந்து கிடைத்தது. அதே 1956 அக்டோபரில்தான் மினசோட்டாவில் சவுத்டேல் திறந்தது. முழுக்க மூடி, குளிரிலும் வெயிலிலும் உள்ளே ஒரே சூடு வைத்த, அமெரிக்க மால்களுக்கெல்லாம் மூத்த அக்கா. வடிவமைத்தவர் விக்டர் க்ரூயன், 1938-இல் நாஜிகளிடமிருந்து தப்பி வியன்னாவிலிருந்து வந்தவர். தன் பழைய ஊரின் தெருக்களையும் காபிக்கடைகளையும் கூரைக்குள் கொண்டுவரப் பார்த்தார். நாடு முழுக்க அவர் வழியைத்தான் பிடித்தது. சிகாகோ புறநகரான மவுன்ட் ப்ராஸ்பெக்டில் 1962-இல் அவரே ராண்ட்ஹர்ஸ்ட் என்று ஒரு மூடிய மாலை வடிவமைத்தார். அது தேய்ந்து, 2008-இல் மூடி, இடித்து, நான் வந்த அதே 2011-இல் மறுபடி திறந்தது. எப்படி என்கிறீர்கள்? திறந்தவெளிக் கடைத்தெருவாக. கூரையே இல்லாமல் அறுபது வருடத்துக்கு மேல் குளிரில் நின்ற ஓல்ட் ஆர்ச்சர்ட் இன்னும் நிற்கிறது. ஒரு கடை போனால் அதை மட்டும் இடித்து மாற்றலாம், பொதுவிடத்துக்குச் சூடு போடும் செலவில்லை என்பதெல்லாம் காரணமாக இருக்கலாம். மே மாதம் முதல் வெயில் அடிக்கும் நாளில் அங்கே போய் நின்று பாருங்கள், ஆறு மாதம் அடைந்து கிடந்த ஜனம் கோட்டைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு வெயிலில் சும்மா நிற்கும். இந்தக் காரணம்தான் எனக்குப் பிடித்தது.

மேசிஸ், நார்ட்ஸ்ட்ரம் என்று பெரிய பெரிய கடைகள் இருந்தன. நான் அதிகம் போனது பார்ன்ஸ் அண்ட் நோபிள் புத்தகக் கடைக்கு. வாங்காமல் உட்கார்ந்து படித்தால் யாரும் ஏன் என்று கேட்பதில்லை. மதுரைப் புத்தகக் கடையில் பத்து நிமிடம் நின்றால் "என்னம்மா வேணும்?" என்று பக்கத்தில் ஒரு ஆள் வந்துவிடுவார். அந்த 'என்னம்மா' இல்லாதது சில நாள் சுதந்திரமாக இருந்தது. சில நாள், யாராவது கேட்டால் என்ன என்று இருந்தது.

2014 கோடையில் அம்மா வந்தார். முதல் நாளே அங்கே கூட்டிப்போனேன், பெருமையாகத்தான். பெஞ்சில் உட்கார்ந்து சுற்றும் முற்றும் பார்த்தவர் கடைகளைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. மேலே பார்த்தார்.

"ஏம்மா, கடைக்கு மேல ஆரும் குடியில்லையா?"

இல்லை என்றேன்.

"அப்ப ராத்திரி இந்தத் தெருவுல விளக்கு ஆருக்கு எரியுது?"

அதன் பின் நிறைய மாறிவிட்டது. புளூமிங்டேல்ஸ் என்ற பெரிய கடை போய், 2022-இல் புளூமீஸ் என்று சின்னதாகத் திரும்பி வந்தது. பழைய பெரிய கட்டடம் இருந்த இடத்தில் அடுக்குமாடி வீடுகள் கட்டத் திட்டம் என்று செய்தி வந்த அன்று அம்மாவுக்குத்தான் முதலில் போன் போட்டேன்.

"இப்பத்தான் புத்தி வந்துச்சாக்கும்" என்றார். அப்புறம், "வாடகை என்னவாம்?" என்று கேட்டார்.