நான்கு மண்கட்டிகளும் ஒன்பது மூலிகைகளும்

ஆங்கிலோ-சாக்சன் காலத்து (5 முதல் 11-ஆம் நூற்றாண்டு வரை) இங்கிலாந்தில் ஒரு வயல் விளைச்சல் குன்றிப்போனாலோ, யாரேனும் சூனியம் வைத்து அதைக் கெடுத்துவிட்டார்கள் என்ற ஐயம் எழுந்தாலோ, அதைச் சீராக்குவதற்கென்று ஒரு நாள் முழுவதும் நடத்த வேண்டிய நீண்ட சடங்கு ஒன்று இருந்தது. இயேசுவின் வாழ்க்கையைப் பாடும் பழைய சாக்சன் காவியம் ஒன்றின் தோல் சுவடியில், 11-ஆம் நூற்றாண்டில் யாரோ ஒருவர் அதன் செய்முறையை எழுதிச் சேர்த்திருக்கிறார். ஆய்வாளர்கள் அதை 'ஆக்கர்போட்' என்று அழைக்கிறார்கள். ஆங்கிலோ-சாக்சன் மந்திரங்களில் எனக்கு மிகவும் நெருக்கமானது இதுதான். அந்த மக்கள் எதை நம்பினார்கள், எப்படி நம்பினார்கள் என்பதை வேறு எந்த ஆவணத்தையும்விட இது தெளிவாகக் காட்டுகிறது என்று நினைக்கிறேன்.

பொழுது விடிவதற்கு முன்பே நிலத்தின் நான்கு பக்கங்களிலிருந்தும் நான்கு மண்கட்டிகளைப் புல்லோடு பெயர்த்தெடுக்க வேண்டும். அவை எந்த இடத்தில் எப்படி இருந்தன என்பதையும் அடையாளம் வைத்துக்கொள்ள வேண்டும். எண்ணெய், தேன், ஈஸ்ட், அந்த நிலத்தில் மேயும் எல்லாக் கால்நடைகளின் பால், அங்கே வளரும், கடின மரங்கள் தவிர்த்த ஒவ்வொரு மரவகையிலும், பெயர் தெரிந்த பெரும்பாலான செடிகளிலும் ஒரு சிறு பகுதி ஆகியவற்றோடு தீர்த்தத்தையும் சேர்த்து, அந்தக் கட்டிகளின் அடிப்புறத்தில் மூன்று முறை சொட்டவிட வேண்டும். அப்போது சொல்ல வேண்டியது, 'பலுகிப் பெருகி பூமியை நிரப்புங்கள்' என்ற விவிலிய வசனம். பிறகு அந்த மண்கட்டிகளைத் தேவாலயத்துக்கு எடுத்துச் சென்று, புல் முளைத்த பக்கம் பலிபீடத்தைப் பார்க்கும்படி வைக்க வேண்டும். குருவானவர் அவற்றின்மீது நான்கு திருப்பலிகள் பாட வேண்டும். மத்தேயு, மாற்கு, லூக்கா, யோவான் என்ற பெயர்களை எழுதிய நான்கு மரச்சிலுவைகளைக் குழிகளில் இட்டு, கதிரவன் மறைவதற்குள் கட்டிகளை அந்தந்த இடத்திலேயே திரும்பப் பதித்துவிட வேண்டும்.

இதுவரை கிறித்தவம். அடுத்து, உழவர் கிழக்கு நோக்கி நின்று ஒன்பது முறை பணிந்து ஒரு வேண்டுதலைச் சொல்கிறார். அந்த வேண்டுதலில் விண்ணரசின் காவலனாகிய ஆண்டவரை வேண்டுகிறார், மண்ணை வேண்டுகிறார், மேல்வானத்தை வேண்டுகிறார், தூய மரியாளையும் வேண்டுகிறார். எல்லாம் ஒரே மூச்சில். ஆண்டவருக்கும் மரியாளுக்கும் நடுவே மண்ணும் வானமும் அத்தனை இயல்பாக இடம்பெற்றிருக்கின்றன.

அதற்கடுத்த பகுதியை நான் பலமுறை படித்திருக்கிறேன். பிச்சை எடுப்பவர்களிடமிருந்து, எங்கே விளைந்தது என்று தெரியாத விதையை வாங்க வேண்டும். வாங்கியதைப் போல இரண்டு மடங்கு அவர்களுக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டும். விளைச்சல் இல்லாத ஒருவர், கையிருப்பு குறைந்திருக்கும் நேரத்தில், தன்னைவிட எளியவரிடம் வாங்கி இருமடங்காகக் கொடுத்தால்தான் அவருடைய மண் பலன் தரும் என்று இந்தச் சடங்கு விதிக்கிறது. மந்திரம் என்றாலே தன்னலம் என்று எழுதிவிடுகிறவர்கள் இந்த வரியைத் தாண்டிப் போய்விடுவது எனக்கு வருத்தம் தருகிறது.

உழவுக் கருவிகள் எல்லாவற்றையும் ஒன்றுசேர்த்து வைத்த பின், ஏர்க்காலில் துளையிட்டு, சாம்பிராணி, சோம்பு, மந்திரித்த சோப்பு, மந்திரித்த உப்பு ஆகியவற்றை உள்ளே வைத்து, அந்த விதையை ஏரின்மீது வைத்து, 'எர்ச்சே, எர்ச்சே, எர்ச்சே, மண்ணின் தாயே' என்று விளிக்க வேண்டும். எர்ச்சே என்ற பெயர் வேறு எந்த ஏட்டிலும் காணப்படுவதில்லை. ஆனால் அவள் இங்கே வரம் தருகிறவளாக வரவில்லை. வரம் பெறுகிறவளாக வருகிறாள். எல்லாம் வல்ல ஆண்டவர் உனக்குச் செழித்து வளரும் வயல்களை அருளட்டும் என்று உழவர் அவளை வாழ்த்துகிறார். முதல் சால் ஓட்டும்போது சொல்லும் வரிகளைத் தமிழில் இப்படிச் சொல்லலாம்: 'வாழ்க நிலமே, மாந்தரின் தாயே! இறைவனின் அணைப்பில் நீ வளர்க. மாந்தர் பயன்பெற உணவால் நிறைக.' கடைசியாக, எல்லா வகை மாவையும் பாலும் தீர்த்தமும் விட்டுப் பிசைந்து, உள்ளங்கை அகலத்தில் ஓர் அப்பம் சுட்டு, அந்த முதல் சாலுக்குள் வைத்துவிட வேண்டும்.

19-ஆம் நூற்றாண்டு முதலே ஆய்வாளர் பலர் இத்தகைய மந்திரங்களிலிருந்து கிறித்தவத் தோலை உரித்தெடுத்தால் உள்ளே கலப்பற்ற பழைய சமயம் கிடைக்கும் என்று நம்பிச் செயல்பட்டார்கள். இன்றைக்கும் பழைய சமயத்தை மீட்டெடுக்க விரும்புகிறவர்களில் பலர் அதே வழியில் செல்கிறார்கள். இது தவறான வழி என்பதே என் உறுதியான கருத்து. மண்ணை அன்னையாக வாழ்த்தியவரும் நான்கு திருப்பலிகளுக்கு ஏற்பாடு செய்தவரும் ஒரே ஆள்தான். அவருக்கு இரண்டு சமயங்கள் இருக்கவில்லை, ஒரு வயல்தான் இருந்தது. அந்த மனிதரை இரண்டாகப் பிளந்து, பாதியை மட்டும் எடுத்துக்கொள்ளும் உரிமை நமக்கு இல்லை.

இந்த இணைவு தற்செயலாக நடந்ததும் அல்ல. 601-இல் திருத்தந்தை முதலாம் கிரகோரி, இங்கிலாந்துக்குச் சென்றுகொண்டிருந்த மெல்லிட்டஸ் என்ற துறவிக்கு எழுதிய மடலில், கோயில்களை இடிக்க வேண்டாம், சிலைகளை மட்டும் அகற்றித் தீர்த்தம் தெளித்து அங்கேயே பலிபீடம் அமையுங்கள் என்று அறிவுறுத்தினார். மக்கள் தங்கள் தெய்வங்களுக்கு மாடுகளைப் பலியிட்டு வந்த பழக்கத்தைத் திருநாள் விருந்தாக மாற்றிவிடுங்கள் என்றும் சொன்னார். அதே நூற்றாண்டில் கிழக்கு ஆங்கிலியாவை ஆண்ட ரெட்வால்டு மன்னர் ஒரே கோயிலில் கிறிஸ்துவுக்கு ஒரு பீடமும் பழைய தெய்வங்களுக்கு ஒரு சிறு பீடமும் வைத்திருந்தார். இதைக் கண்டித்து எழுதும் பீட் என்ற துறவி, அந்தக் கோயிலைச் சிறுவயதில் தானே பார்த்ததாக ஆல்டுவுல்ஃப் மன்னர் சொன்னதையும் பதிவு செய்திருக்கிறார். அதே பீட் 725-இல் எழுதிய காலக்கணித நூலில், பழைய ஆங்கிலேயர் பிப்ரவரியில் வந்த மாதத்தில் தங்கள் தெய்வங்களுக்கு அப்பம் படைத்தார்கள் என்று குறிப்பிடுகிறார். அதைப் படிக்கும்போது, சாலுக்குள் வைக்கப்பட்ட அந்த உள்ளங்கை அகல அப்பம் நினைவுக்கு வராமல் இருக்காது.

திருச்சபை எல்லாவற்றையும் கண்டுகொள்ளாமல் விட்டது என்று இதற்குப் பொருள் அல்ல. காய்ச்சல் தீர வேண்டி மகளைக் கூரைமேலோ அடுப்புக்குள்ளோ வைக்கும் தாய்க்குப் பல ஆண்டு தவம் விதிக்கும் ஏடு ஒன்று, கேன்டர்பரி பேராயர் தியடோரின் பெயரில் வழங்குகிறது. ஆனால் 10-ஆம் நூற்றாண்டின் இறுதியில் எல்ஃப்ரிக் என்ற துறவி ஒரு மறையுரையில் வகுத்த எல்லை கவனிக்கத்தக்கது: மூலிகையை மந்திரப் பாட்டால் உருவேற்றக் கூடாது, இறைவனின் சொற்களால் ஆசீர்வதித்து உண்ண வேண்டும். செடிக்குச் சொல் வேண்டும் என்பதில் அவருக்கும் ஊர் வைத்தியருக்கும் வேறுபாடே இல்லை. யாருடைய சொல் என்பதுதான் கேள்வி.

அப்படிச் சொல் ஏற்றப்பட்ட செடிகளின் பாட்டு, 'லாக்னுங்கா' என்று இன்று அறியப்படும் மருத்துவத் தொகுப்பில் இருக்கிறது. 1000-ஆம் ஆண்டையொட்டிய காலத்தைச் சேர்ந்த அந்தச் சிறிய சுவடி இப்போது பிரிட்டிஷ் நூலகத்தில் உள்ளது. அதிலுள்ள ஒன்பது மூலிகை மந்திரம் ஒவ்வொரு செடியையும் ஆளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது போல விளிக்கிறது. நம்முடைய மாசிபத்திரியின் இனத்தைச் சேர்ந்த மக்வர்ட் செடியிடம், 'நீ அறிவித்ததை நினைவில் கொள்; மூலிகைகளில் நீயே மூத்தவள்' என்கிறது. பாதையோரத்தில் மிதிபடும் செடி ஒன்றும் அதில் வருகிறது. நிலத்தோடு ஒட்டிப் படரும் அகன்ற இலைகளைக் கொண்டது. அதைப் பார்த்து, 'உன்மேல் வண்டிகள் கிறீச்சிட்டுப் போயின, உன்மேல் அரசியர் குதிரையேறிப் போயினர், உன்மேல் மணப்பெண்கள் அழுதனர், உன்மேல் காளைகள் சீறின. எல்லாவற்றையும் தாங்கி நின்றாய், அதுபோலவே நஞ்சையும், காற்றில் பறந்து வரும் நோயையும், நாடெங்கும் சுற்றும் அந்தப் பகையையும் எதிர்த்து நில்' என்று பாடுகிறது. மிதிபட்டும் சாகாத செடி நோய்க்கும் சாகாது என்ற அந்தத் தர்க்கம், வழியில் நின்று செடியைக் கூர்ந்து பார்த்தவருக்கு மட்டுமே தோன்றக்கூடியது.

ஓடின் என்று ஸ்காண்டிநேவியர் வணங்கிய தெய்வமாகிய வோடன் இந்தப் பாட்டில்தான் வெளிப்படையாக வருகிறார். ஒன்பது மகிமைக் குச்சிகளை எடுத்து ஒரு பாம்பை அடிக்க, அது ஒன்பது துண்டுகளாகச் சிதறுகிறது. அடுத்த சில அடிகளிலேயே, ஞானமுள்ள ஆண்டவர் சிலுவையில் தொங்கியபோது சில மூலிகைகளைப் படைத்தார் என்று பாட்டு தொடர்கிறது. வோடன் ஆங்கிலேய அரச வம்சாவளிகளில் பாட்டனாராக இடம்பெறுவது உண்டு. ஆனால் அவர் ஒரு செயலைச் செய்பவராகப் பழைய ஆங்கிலப் பாட்டில் தோன்றும் இடங்கள் மிகவும் அரிது. ஒவ்வொரு மூலிகைமீதும் மும்மூன்று முறை பாடிவிட்டு, நோயாளியின் வாய்க்குள்ளும் இரு காதுகளுக்குள்ளும் புண்ணின் மீதும் அதே பாட்டைப் பாடி, அதன் பிறகே மருந்தைப் பூச வேண்டும்.

அதே சுவடியில் திடீர்க் குத்துவலிக்கு ஒரு மந்திரம் இருக்கிறது. காய்ச்சல் தழையையும் சிவந்த காஞ்சொறி வகைச் செடியையும் பாதையோரச் செடியையும் வெண்ணெயில் காய்ச்சச் சொல்லிவிட்டு, பாட்டு நேராகப் போர்க்களத்துக்குள் நுழைந்துவிடுகிறது: 'ஓங்கி ஒலித்தார்கள், ஆம், ஓங்கி ஒலித்தார்கள், மேட்டைத் தாண்டிக் குதிரையில் வந்தபோது.' வலிமை மிக்க பெண்கள் கூச்சலிடும் ஈட்டிகளை ஏவுகிறார்கள். கொல்லர்கள் ஆயுதம் அடிக்கிறார்கள். 'சிறு ஈட்டியே, உள்ளே இருந்தால் வெளியே வா' என்ற கட்டளை திரும்பத் திரும்ப வருகிறது. தெய்வங்கள் எய்ததோ, எல்ஃப் என்னும் கண்காணா இனத்தார் எய்ததோ, சூனியக்காரி எய்ததோ, எதுவானாலும் இதோ உனக்கு மருந்து என்று மூன்றையும் பெயர் சொல்லி விரட்டிய பின், 'நான் உனக்கு உதவுவேன்' என்று பாடுகிறவர் தன் குரலிலேயே சொல்கிறார். வலியில் துடிப்பவரின் பக்கத்தில் உட்கார்ந்து அப்படிச் சொல்வதற்கு எவ்வளவு துணிவு வேண்டும்! பிறகு, கத்தியை மருந்தில் தோய்க்கச் சொல்லி மந்திரம் முடிகிறது.

இந்த வைத்தியத்தில் மந்திரம் மட்டுமே இருந்தது என்று எண்ணிவிடக் கூடாது. 'பால்டின் வைத்திய ஏடு' என்னும் 10-ஆம் நூற்றாண்டுச் சுவடியில், பூண்டு, வெங்காய இனம் ஒன்று, திராட்சை மது, மாட்டுப் பித்தம் ஆகியவற்றைக் கலந்து பித்தளைக் கலத்தில் ஒன்பது இரவுகள் வைத்து எடுக்கும் கண் மருந்து ஒன்று உள்ளது. 2015-இல் நாட்டிங்காம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அதை அப்படியே தயாரித்துச் சோதித்தபோது, வழக்கமான மருந்துகளுக்கு அடங்காத ஸ்டாஃபிலோகாக்கஸ் கிருமிகளை அது பெருமளவு கொன்றது.

ஜெர்மானிய மக்கள் பழங்காலத்தில் பயன்படுத்திய ரூன் எழுத்துகளுக்கு வந்தால், அவற்றின் மந்திரப் புகழ் சான்றுகளைவிட மிகப் பெரியது. ஆங்கிலேய ரூன்கள் முதன்மையாக எழுத்துகள். பெயர் பொறிக்கவும், கல்லறைக் கற்களில் நினைவு எழுதவும், சிலுவைத் தூணில் பாட்டு வெட்டவும் பயன்பட்டவை. 8-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, திமிங்கல எலும்பில் செதுக்கிய 'ஃபிராங்க்ஸ் பேழை' பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதன் முன்பலகையில் இடப்பக்கம் பழைய கதையின் கொல்லனாகிய வேலண்டும், வலப்பக்கம் குழந்தை இயேசுவைக் காண வந்த ஞானியரும் அடுத்தடுத்து நிற்கிறார்கள். சுற்றிலும் ஓடும் ரூன்கள், கரையொதுங்கிய திமிங்கலத்தைப் பற்றிப் பாடுகின்றன. வயலில் நின்ற அந்த உழவரின் மனம்தான் இந்தச் சிற்பியிடமும் இருந்திருக்கிறது.

இன்று விற்கப்படும் குறிசொல்லும் ரூன் கற்களுக்கு ஆங்கிலோ-சாக்சன் ஆதாரம் எதுவும் இல்லை. மரக்குச்சிகளில் குறிகள் இட்டு வெள்ளைத் துணிமேல் வீசிக் குறிபார்த்த ஜெர்மானியரைப் பற்றி ரோமானியரான டாசிட்டஸ் கி.பி. 98-இல் எழுதியதையே பலரும் காட்டுகிறார்கள். அவர் அந்தக் குறிகளை ரூன் என்று சொல்லவில்லை. எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒரு பாட்டு என 29 பாட்டுகள் கொண்ட ரூன் கவிதையிலும் ஆரூடம் இல்லை. செல்வம் எல்லோருக்கும் ஆறுதல், ஆனால் ஆண்டவர் முன் மதிப்புப் பெற விரும்புகிறவர் அதைத் தாராளமாகப் பகிர வேண்டும் என்று அது தொடங்குகிறது. அதன் சுவடி 1731-இல் தீக்கிரையாகிவிட்டது. ஜார்ஜ் ஹிக்ஸ் என்ற அறிஞர் 1705-இல் அதை அச்சிட்டிருந்ததால்தான் இன்று நம்மால் படிக்க முடிகிறது.

எழுத்துக்கு மந்திர ஆற்றல் உண்டு என்று அந்த மக்கள் நம்பினார்கள் என்பதில் மட்டும் ஐயமில்லை. 679-இல் டிரென்ட் ஆற்றங்கரைப் போரில் சிறைப்பட்ட இம்மா என்ற வீரனின் விலங்குகள் அடிக்கடி தாமாகவே கழன்று விழுந்தன என்று பீட் எழுதுகிறார். சிறைப்பிடித்த தலைவர் உடனே, கட்டவிழ்க்கும் எழுத்துகளை உடம்பில் மறைத்து வைத்திருக்கிறாயா என்று கேட்கிறார். இல்லை, தன் உடன்பிறந்தவராகிய குருவானவர் தனக்காகத் திருப்பலி ஒப்புக்கொடுக்கிறார் என்கிறான் இம்மா. பீட் திருப்பலியின் ஆற்றலைக் காட்டவே கதையைச் சொல்கிறார். ஆனால் அந்தத் தலைவருக்கு முதலில் தோன்றியது எழுத்துதான் என்பதையும் அவர் மறைக்கவில்லை.

கையால் தொடக்கூடிய சான்றாக மோதிரங்கள் இருக்கின்றன. 1817-இல் கிங்மூரில் கிடைத்த தங்க மோதிரத்திலும், இன்று கோபன்ஹேகனில் உள்ள பிராம்ஹம் மூர் மோதிரத்திலும், 'எர்க்ரியு' என்று தொடங்கும், எந்த மொழியிலும் பொருள்படாத ரூன் தொடர் கிட்டத்தட்ட ஒன்றுபோலவே பொறிக்கப்பட்டிருக்கிறது. இரண்டிலும் தலைக்கு 30 எழுத்துகள். பால்டின் வைத்திய ஏட்டில், வழியும் இரத்தத்தை நிறுத்துவதற்கான மந்திரத்தில் இதையொத்த ஒலித்தொடர், ரோமன் எழுத்தில், மூலிகை மருந்துகளுக்கு நடுவிலேயே எழுதப்பட்டிருக்கிறது.