மற்றும் இத்தனை பேர்: பஸ்ரா நாட்குறிப்பு

ஜூன் 19

பாஸ்போர்ட் இன்றும் வரவில்லை. அலுவலகத்தில் அதே பதில்: "பாச்சர்." நாளைக்கு. இது பதினோராவது பாச்சர்.

ஜூன் 20

நாஸிரியா ரோட்டில் சைட்டுக்குப் போய்த் திரும்பும்போது ஹஜ்ஜி ஸ்டியரிங்கிலிருந்து ஒரு கையை எடுத்து வெளியே காட்டினார். பொட்டல் மணலில் தூண் வரிசை, நீளமாய் ஒரு சுவர். "உங்க ஆளுங்க அங்க இருக்காங்க" என்றார். வண்டி நிற்கவில்லை.

அறைக்கு வந்து தேடிப் படித்தேன். 1914 முதல் 1921 வரை, முதல் உலகப் போரிலும் அதற்குப் பிறகும், மெசபொட்டேமியாவில், அதாவது இந்த ஈராக்கில், பிரிட்டிஷ் பட்டாளத்தில் இருந்து செத்துக் கல்லறையும் இல்லாமல் போன 40,000 பேருக்கும் மேலானவர்களுக்காக 1929-இல் திறந்த நினைவகம். முதலில் மஅகில் துறைமுகப் பக்கம் இருந்ததாம். 1997-இல் சதாம் உத்தரவு போட்டு, பெயர்த்துக் கொண்டுவந்து இங்கே நட்டிருக்கிறார்கள். வெள்ளைக்காரச் சிப்பாய்க்குப் பெயர் உண்டு. இந்தியர்களில் அதிகாரிக்குப் பெயர் உண்டு. சாதாரணச் சிப்பாய் என்றால், "மற்றும் இத்தனை பேர்" என்று ஓர் எண்.

தூக்கம் வரவில்லை.

ஜூன் 22

ஸ்கேனில் குழந்தை நன்றாக இருக்கிறதாம். ஜூலை 20-க்குள் என்று சொல்லியிருக்கிறார்கள். "எப்ப வாரிய?" என்று மனைவி கேட்டாள். லைன் கட்டாகிவிட்டது. கட்டானது நல்லதுதான்.

ஜூன் 23

அஷார் கடைவீதி. ஒரு சந்துக்கே சூக் அல் ஹுனூத் என்று பெயர், இந்தியர் சந்தை. மஞ்சள், மிளகு, காய்ந்த எலுமிச்சை எல்லாம் மூட்டை வாயைத் திறந்து அடுக்கியிருக்கிறது. சமூன் ரொட்டியைப் பிளந்து, ஃபலாஃபில் என்கிற கடலை வடை வைத்து, மேலே மஞ்சளாக ஒரு கரண்டி ஊற்றினான். அம்பா. மாங்காய், மஞ்சள், வெந்தயம். காரம் குறைவு, வெந்தயம் தூக்கல். பம்பாய்க்கு வியாபாரத்துக்குப் போன பக்தாத் யூதர்கள் கொண்டுவந்த ருசி. மாங்காய் நார் பல்லில் சிக்கியதும் அம்மாவின் ஜாடி ஞாபகம் வந்துவிட்டது. கடைக்காரன் காசு வாங்க மாட்டேன் என்றான். வற்புறுத்திக் கொடுத்தேன்.

ஜூன் 25

49 டிகிரி. ஜெனரேட்டர் இரண்டு தடவை நின்றது.

மதியம் ஹஜ்ஜியிடம் பிரிட்டிஷ் ஜெனரல் மாட் விட்ட பிரகடனத்தைப் பற்றிக் கேட்டேன். இங்கே பள்ளியில் படித்த யாருக்கும் தெரியும் என்றார். 1917 மார்ச் 11-இல் பக்தாதைப் பிடித்தார்கள், 19-இல் பிரகடனம். நாங்கள் ஜெயிக்க வந்தவர்கள் அல்ல, உங்களை விடுவிக்க வந்தவர்கள் என்று. அந்த நவம்பரிலேயே மாட் காலராவில் செத்தார். அவருடைய வாக்கியம் சாகவில்லை. 2003 ஏப்ரலில் பிரிட்டிஷ் டாங்கிகள் பஸ்ராவுக்குள் வந்தபோது ஹஜ்ஜி வீட்டு ரேடியோவில் அதே சொல்தான் ஓடியதாம், விடுதலை.

"துருக்கிக்காரன் எங்கள் பையன்களைப் பட்டாளத்துக்குப் பிடித்துக்கொண்டு போனான். அவனாவது விடுவிக்க வந்தேன் என்று சொல்லவில்லை" என்றார். பக்தாதுக்கு 1534-இல் துருக்கி வந்தது, 1917-இல் பிரிட்டன். மக்களிடம் கேட்டு யாரும் வரவில்லை.

ஜூன் 27

கேன்டீனில் ஒரு பையன் இன்னொருவனிடம் எரிச்சலாக, "நான் என்ன இந்தியனா?" என்றான். நான் என்ன முட்டாளா என்பதை இங்கே அப்படித்தான் சொல்வார்கள். நான் பக்கத்தில் இருப்பதைப் பார்த்ததும் அவன் முகம் சுருங்கிவிட்டது. ஹஜ்ஜி அவனைத் திட்டினார். நான் பேசாமல் எழுந்து வந்துவிட்டேன். கோபம் அந்தப் பையன் மேல் இல்லை. யார் மேல் என்று தெரியவில்லை.

ஜூன் 28

வெள்ளி. துணி துவைத்தேன். அவள் இரண்டு தடவை கூப்பிட்டிருக்கிறாள்.

ஜூன் 30

இன்று இருபதாம் வருஷத்துப் புரட்சி நாள். அவர்கள் வருஷத்தைச் சொல்லியே கூப்பிடுகிறார்கள், இருபது என்றால் 1920. ஹஜ்ஜிக்கு ருமைதா பக்கம் பூர்வீகம். காலையிலிருந்தே பேசிக்கொண்டிருந்தார், நான் வால்வு மாற்றும்போதும்.

அந்த வருஷம் ஏப்ரலில் போரில் ஜெயித்த நாடுகள் இத்தாலியில் ஸான் ரெமோவில் கூடி, ஈராக்கைப் பிரிட்டனிடம் பொறுப்பாட்சி என்று ஒப்படைத்தார்கள். போரில் சுயாட்சி தருவதாகச் சொன்ன வாய்தான். ஜூன் 30-இல் ருமைதாவில் ழவாலிம் குடியின் ஷேக் ஷஅலான் அபுல் ஜோனைப் பிரிட்டிஷ் அதிகாரி பிடித்து அடைத்தான். விவசாயக் கடனைத் திருப்பிக் கட்டவில்லையாம். ஷேக் தன் ஆட்களுக்குச் சொல்லியனுப்பினார்: பத்து தங்க லிரா அனுப்புங்கள். கேட்டவர்களுக்குப் புரிந்தது, பத்து நல்ல ஆண்கள் வேண்டும் என்று. வந்தார்கள், காவலைச் சுட்டார்கள், ஷேக்கைக் கூட்டிக்கொண்டு போனார்கள். பிறகு தண்டவாளத்தைப் பிடுங்கினார்கள். ஃபுராத் (யூப்ரடீஸ்) நதிக்கரை முழுக்கப் பற்றிக்கொண்டது.

லிரா கதையைச் சொல்லும்போது ஹஜ்ஜி பத்து விரலையும் விரித்துக் காட்டினார். பிறகு செல்போனில் ஒரு படம். அவர் தாத்தாவின் மக்வார். கைத்தடி நீளம், நுனியில் தார் உருட்டிக் காய வைத்த குண்டு. அதைத் தூக்கிக்கொண்டு பீரங்கிக்கு எதிரே ஓடியிருக்கிறார்கள். தார் குண்டில் விரல் பதிந்த குழிகள் படத்திலேயே தெரிகின்றன. யாரோ சூட்டோடு பிடித்து உருட்டிய விரல்கள்.

அந்தக் கோடையிலும் இலையுதிர் காலத்திலும் ஈராக்கியர் ஆறாயிரத்திலிருந்து பத்தாயிரம் பேர் வரை செத்ததாகக் கணக்கு. இங்கேயும் எண்தான். சுவர் கூடக் கிடையாது.

நான் கேட்க நினைத்ததைக் கேட்கவில்லை.

ஜூலை 2

கேட்டுவிட்டேன். ருமைதாவில் சுட்டது யார்?

"இந்தியச் சிப்பாய்" என்றார். வெகு சாதாரணமாக, தண்ணீர் குடித்துக்கொண்டே.

ஜூலை 3

கூத் ஊரில் துருக்கிக்காரர்கள் பிரிட்டிஷ் பட்டாளத்தை வளைத்த முற்றுகையைப் பற்றி மட்டும்தான் இதுவரை எனக்குத் தெரியும். 147 நாள் பட்டினி கிடந்து 1916 ஏப்ரல் 29-இல் சரணடைந்தார்கள், பெரும்பாலும் இந்தியர்கள். அதைப் படிக்கும்போது நம் ஆட்கள் பாவம் என்று தோன்றும். பாவம்தான். மெட்ராஸ் சாப்பர்ஸ், நம் பக்கத்துப் பட்டாளப் பொறியாளர் பிரிவு, இங்கே டைகிரிஸ் ஆற்றின் மேல் பாலம் போட்டார்கள் என்று படித்தபோது பெருமையாகக் கூட இருந்தது. ஆனால் நாலே வருஷம் கழித்து ருமைதாவிலும் ஹில்லாவிலும் அந்தப் பட்டாளம்தான் நின்றது. நம் ஊர்களில் கடன் கட்டாதவனை அடைத்த அதே அரசு, இங்கே கடன் கட்டாதவனை அடைக்க நம் ஊர் ஆளைக் கூட்டி வந்தது. சம்பளத்துக்கு வந்தவன். என்னை மாதிரி. அவன் கையிலும் திரும்பிப் போக டிக்கெட் இருந்திருக்காது. அதற்காக அவன் சுட்டது சுடாமல் ஆகிவிடுமா?

எவ்வளவு யோசித்தாலும் அவனைத் திட்டவும் முடியவில்லை, விடவும் முடியவில்லை.

ஜூலை 4

பணம் அனுப்பினேன். ஹஜ்ஜியின் அம்மா நாலு ஃபில்ஸ் காசை "ஆனா" என்பாராம். அணா! 1932-இல் தினார் வரும்வரை இங்கே ஓடியது நம் ரூபாய். மாற்றும்போது ரூபாய்க்கு 75 ஃபில்ஸ் கொடுத்தார்கள். ஷஅலானின் கடனும் ரூபாயில்தான் இருந்திருக்க வேண்டும்.

ஜூலை 6

கத்திவிட்டேன். அலுவலகத்தில், எல்லோர் முன்னாலும். என் மனைவிக்கு மாசம் நிறைந்திருக்கிறது, என் பாஸ்போர்ட்டை ஏன் பூட்டி வைத்திருக்கிறீர்கள் என்று. அந்த ஆள் டீ கொண்டுவரச் சொன்னான். டீ வந்தது. பாச்சர்.

ஜூலை 8

தெரு முழுக்கக் கறுப்புக் கொடி. முஹர்ரம்.

1920 ரமலானில் பக்தாத் பள்ளிவாசல்களில் சுன்னிகளும் ஷியாக்களும் சேர்ந்தே கூடினார்கள். சுன்னிகள் நபியைப் புகழ்ந்து பாடும் மௌலித், ஷியாக்கள் ஹுசைனுக்காகத் துக்கம் கொண்டாடும் தஅஸியா, இரண்டும் ஒரே கூட்டத்தில், முடிவில் சுதந்திரம் கேட்டுப் பேச்சு. கர்பலாவிலிருந்து ஷியாக்களின் மூத்த மார்க்க அறிஞர் (முஜ்தஹித்) ஷீராஸியின் ஃபத்வா வந்தது. இவர்கள் எந்தக் காலத்திலும் அடித்துக்கொண்டவர்கள் என்று நம் டிவியில் சொல்வதைக் கேட்டுக் கேட்டு நானும் நம்பியிருந்தேன். வெட்கமாக இருக்கிறது.

ஜூலை 9

வயிறு இறங்கிவிட்டதாம். அம்மா சொன்னாள். "நீ கவலப்படாத, நான் இருக்கம்லா."

ஜூலை 10

1921-இல் பிரிட்டன் ஃபைஸலை ஈராக்கின் மன்னராக்கியபோது பேண்டில் வாசித்தது இங்கிலாந்து மன்னருக்கான பாட்டு. ஈராக்குக்கென்று பாட்டு இல்லை. வரி கட்டாத குடிகள் மேல் பிரிட்டிஷ் விமானம் குண்டு போட்டது. 1932 அக்டோபர் 3-இல் சுதந்திரம், விமானத் தளங்கள் மட்டும் பிரிட்டனிடம். 1948 ஜனவரியில் பிரிட்டனோடு போட்ட புது ஒப்பந்தத்தை எதிர்த்துப் பக்தாத் பாலத்தில் பையன்கள் நடந்தார்கள், பாலத்தின் மேலேயே சுட்டார்கள். அப்போது சுட்டது சொந்தப் போலீஸ். இதைச் சொல்லும்போது ஹஜ்ஜியின் குரல் தாழ்ந்துவிட்டது. இருபதைப் பற்றிப் பேசும்போது அப்படி ஆகவில்லை.

ஜூலை 11

நாளை வெள்ளி. காலை ஐந்து மணிக்கு வண்டியோடு வருகிறேன், வெயிலுக்கு முன்னால் போய்த் திரும்பிவிடலாம் என்றார் ஹஜ்ஜி. அவரும் உள்ளே வருகிறாராம். இத்தனை வருஷம் அந்த ரோட்டில் ஓட்டியும் ஒரு தடவை கூட இறங்கிப் பார்த்ததில்லையாம்.

தண்ணீர் நாலு பாட்டில். தொப்பி. நோட்டு, இரண்டு பேனா. பெயர் இல்லாவிட்டால் பரவாயில்லை, எண்களை எழுதிக்கொண்டு வர வேண்டும், ஒவ்வொரு பட்டாளமாக.

போன் அடிக்கிறது. அம்மா.