பிடிபட்ட டிப்பரும் என் பெயரில் இருந்த ஆர்.சி.யும்

சில ஆண்டுகளுக்கு முன்பு, திருச்சி மாவட்டத்தில் தம்பி ஓட்டிவந்த டிப்பர் லாரியை மணல் கடத்தல் சந்தேகத்தின் பேரில் காவல்துறை பிடித்தது. அரசுக் கிடங்கில் பணம் கட்டி ஏற்றிய இரண்டு யூனிட் மணல்தான் அது. வழியில் டயர் பஞ்சராகி, நடைச்சீட்டில் (மணலைக் கொண்டுசெல்வதற்கான அனுமதிச் சீட்டு) குறித்திருந்த நேரம் கடந்துவிட்டது. திருட்டுப் பிரிவோடு, 1957ஆம் ஆண்டின் கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவையும் சேர்த்து வழக்குப் பதிந்தார்கள்.

நான் அப்போது சிங்கப்பூரின் துவாஸில் ஒரு கட்டுமானத் தளத்தில் மேற்பார்வையாளராக இருந்தேன். ஐந்து வாரம் கழித்துத் தம்பி வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினான். காவல் நிலையத்தின் பின்பக்கம் எருக்கஞ்செடிகளுக்கு நடுவே வண்டி நின்றது. பேட்டரியைக் காணவில்லை, பின் டயர்கள் காற்றிறங்கி மண்ணில் புதைந்திருந்தன, ஏற்றிய மணல் இறக்கப்படாமலே கிடந்ததால் அதன்மேல் புல் முளைத்திருந்தது. மாதத் தவணை மட்டும் என் சம்பளத்திலிருந்து தவறாமல் போய்க்கொண்டிருந்தது.

அந்த ஐந்து வாரத்தையும் நாங்கள் வீணாக்கியதற்குக் காரணம், "பேசி எடுத்துவிடலாம்" என்று சொன்ன இடைத்தரகரை நம்பியதுதான். பிடிபட்ட வண்டியைப் பேசி எடுக்க முடியாது, மனுப் போட்டுத்தான் எடுக்க வேண்டும் என்பதை வெளிநாட்டிலிருந்து ஊரில் வண்டி வாங்கிவிட்டிருக்கும் ஒவ்வொருவருக்கும் சொல்ல விரும்புகிறேன். அப்போது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457 ஆகிய பிரிவுகளின் கீழ் கேட்டோம். 2024 ஜூலை 1 முதல் அவற்றின் இடத்தில் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 ஆகிய பிரிவுகள் உள்ளன.

மனு, ஆர்.சி. (வண்டியின் பதிவுச் சான்றிதழ்) யார் பெயரில் இருக்கிறதோ அவர் பெயரில்தான் போக வேண்டும் என்றார் வழக்கறிஞர். ஆர்.சி. என் பெயரில் இருந்தது. ஆகவே ஒரு நாள் விடுப்பு எடுத்து, கிரேஞ்ச் சாலையில் உள்ள இந்தியத் தூதரகத்தில் என் சார்பில் செயல்படத் தம்பிக்கு அதிகாரப் பத்திரம் எழுதிச் சான்றொப்பம் பெற்று அனுப்பினேன். வெளிநாட்டில் எழுதிய பத்திரம் இந்தியாவுக்கு வந்துசேர்ந்த மூன்று மாதத்துக்குள் அதற்கு முத்திரைத் தீர்வை கட்டிவிட வேண்டும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

எங்களுக்குத் துணையாக நின்றது, சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002இல் வழங்கிய தீர்ப்பு. கைப்பற்றிய பொருளைக் காவல் நிலையத்தில் பதினைந்து நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் வைத்திருக்கத் தேவையில்லை என்றும், புகைப்படம் எடுத்து, பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு உரியவரிடம் ஒப்படைக்கலாம் என்றும் அது கூறுகிறது. ஆனால் மணல் வழக்கில் இதை மட்டும் நம்பிப் போக முடியாது. 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் சிக்கிய வண்டிகளை விடுவிக்காமல் பறிமுதல் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று கடுமையாக உத்தரவிட்டது. அதன் பிறகும், பணம் கட்டச் சொல்லி நிபந்தனையோடு விடுவித்த உத்தரவுகள் வந்துள்ளன. எனவே கிடங்கின் ரசீது, நடைச்சீட்டு, பஞ்சர் கடைக்காரரின் வாக்குமூலம் ஆகியவற்றை மனுவோடு சேர்த்தே கொடுத்தோம். பஞ்சர் கடைக்காரர் தம் வேலையை விட்டுவிட்டு இரண்டு முறை நீதிமன்றத்துக்கு வந்தார். அந்த நன்றி எனக்கு என்றும் இருக்கும்.

அந்தக் கடுமையை நான் குறை சொல்லவில்லை. சிறுவயதில் நாங்கள் ஊற்றுத் தோண்டிக் குடித்த காவிரிப் படுகை, இன்று பல இடங்களில் ஆள் உயரத்துக்கு மேல் பள்ளமாகக் கிடக்கிறது. உண்மையாகவே திருடியவனின் வண்டி பறிபோகட்டும். ஆனால் அதைத் தீர்மானிக்க வேண்டியது நீதிமன்றம். கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவின் 4ஏ உட்பிரிவும், வழக்கை விசாரிக்கும் நீதிமன்றத்தின் ஆணைப்படியே பறிமுதல் செய்ய வேண்டும் என்கிறது. எருக்கஞ்செடிக்கு நடுவே வண்டி துருப்பிடித்து மடிவது எந்தச் சட்டத்திலும் எழுதப்படாத தண்டனை.

எங்களுக்கு நிபந்தனைகளோடு வண்டி கிடைத்தது. இரண்டு ஜாமீன்தாரர்கள் கையொப்பமிட்டார்கள், பணமும் கட்டினோம். புல் முளைத்த மணலை அளந்து அரசிடம் ஒப்படைத்த பிறகே வண்டி வெளியே வந்தது. வழக்கு முடியும்வரை விற்கவோ நிறம் மாற்றவோ கூடாது என்பதால், பழுதுபார்த்த கதவுக்குக்கூடத் தம்பி பழைய பச்சை நிறத்தையே தேடிப்பிடித்து அடித்திருக்கிறான்.